‘ஷரத்து’ என்னும் சொல்: சட்டத்திலும் மார்க்கத்திலும்

நாட்றம்பள்ளியிலோ வாணியம்பாடியிலோ எழுதப்பட்ட பழைய கிரையப் பத்திரம் ஒன்றைப் படித்துப் பாருங்கள். ‘அசல்’, ‘நகல்’, ‘பாக்கி’, ‘வசூல்’, ‘ஜாமீன்’, ‘ரத்து’ என்று வரிக்கு வரி அரபுச் சொற்கள் எதிர்ப்படும். ஆற்காட்டு நவாபுகளின் காலத்தில் அரசாங்க மொழியாயிருந்த பாரசீகத்தின் வழியே அவை தமிழுக்குள் வந்தன. அவற்றை எழுதியவர்களில் பலருக்கு அவை அரபு என்றே தெரியாது. அந்த வரிசையில் வருவதுதான் ‘ஷரத்து’. அரபியில் ‘ஷர்த்’ என்றால் நிபந்தனை. தமிழில் அதன் பொருள் சற்று நகர்ந்து, ஒப்பந்தத்தின் ஒரு கூறு, சட்டத்தின் ஒரு பிரிவு என்றாகிவிட்டது. அரசியல் சட்டத்தின் இன்னின்ன சரத்து என்று நாளிதழ்கள் எழுதுவது இப்பொருளில்தான்.

நிபந்தனை என்ற சொல்லுக்கும் ஒரு வரலாறு உண்டு. கட்டுதல் என்னும் பொருளுடைய வடமொழி வேரிலிருந்து வந்த சொல் அது. அதன் உறவுச் சொல்லான ‘நிவந்தம்’ சோழர் காலக் கல்வெட்டுகளில் கோயிற்பணிகளுக்கென ஏற்படுத்தப்பட்ட அறக்கட்டளையைக் குறித்தது. நம் வக்ஃபுப் பத்திரங்களிலும் ‘வாகிஃபின் ஷர்த்’ என்பதே உயிர்நாடி. சொத்தை அறத்துக்கு ஒதுக்கியவர் விதித்த நிபந்தனை மீறப்படலாகாது என்பதில் ஃபுகஹாக்கள் கண்டிப்பாக இருந்தனர். இரு மரபுகளிலும் அறக்கொடையும் நிபந்தனையும் அடுத்தடுத்தே நிற்பதைக் கவனிக்கலாம்.

சொல் நகர்ந்ததில் ஓர் இழப்பு நேர்ந்தது. நிபந்தனை என்ற ஒரே சொல்லால் இன்று நாம் குறிப்பிடுவதை, உஸூலுல் ஃபிக்ஹு அறிஞர்கள் மூன்றாகப் பிரித்துப் பார்த்தார்கள்: ஸபப், ஷர்த், மானிஃ. கெய்ரோவில் வாழ்ந்து ஹிஜ்ரி 684இல் (கி.பி. 1285) மறைந்த மாலிக்கி மத்ஹபின் மேதை இமாம் கராஃபி (ரஹ்) இவற்றுக்கு அளித்த வரையறைகள் அளந்து வெட்டிய தோல் போன்றவை. ஷர்த் என்பது, எது இல்லாவிட்டால் காரியம் இல்லையோ, ஆனால் எது இருப்பதனால் மட்டும் காரியம் உண்டாகிவிடாதோ, அது. ஸபப் இருந்தால் காரியம் உண்டு, இல்லாவிட்டால் இல்லை. மானிஃ இருந்தால் காரியம் இல்லை. அது இல்லை என்பதனால் மட்டும் காரியம் உண்டாகிவிடாது.

அவர் காட்டும் எடுத்துக்காட்டு ஸகாத். நிஸாப் அளவுள்ள செல்வம் ஸபப். அதன்மீது ஓராண்டு கழிவது ஷர்த். கடன் மானிஃ. ஆம்பூரில் தோல் மண்டி வைத்திருக்கும் எவரும் ரமளானில் கணக்குப் பார்க்கும்போது இம்மூன்றையும் தனித்தனியாகத்தான் பார்க்கிறார்: இருப்பில் எவ்வளவு, ஆண்டு நிறைந்ததா, கொடுக்க வேண்டிய பாக்கி எவ்வளவு. ஆண்டு கழிந்தது என்பதற்காக ஏழையின்மீது ஸகாத் கடமையாகாது. கடன் இல்லை என்பதற்காகவும் கடமையாகாது. இன்றைய கணிதப் பாடநூல்களில் ‘தேவையான நிபந்தனை’, ‘போதுமான நிபந்தனை’ என்று மாணவர்கள் படிக்கும் பாகுபாட்டின் சாரம் இதில் இருக்கிறது.

நம் வட்டாரத்தின் தொழிலையே எடுத்துக்கொள்வோம். எந்தத் தோலும் பதனிடப்பட்டால் தூய்மையாகிவிடும் என்பது நபிமொழி. அன்னை மைமூனா (ரலி) அவர்களின் பணிப்பெண்ணுக்குத் தர்மமாக வந்த ஆடு செத்துக் கிடந்ததைக் கண்ட நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள், அதன் தோலை எடுத்துப் பதனிட்டுப் பயன்படுத்தக் கூடாதா என்று கேட்டார்கள். செத்ததை உண்பதுதான் விலக்கப்பட்டது என்று விளக்கினார்கள். ஆவாரம்பட்டையும் கடுக்காயும் கொண்டு தோல் பதனிட்டு வாழ்ந்த சமுதாயத்துக்கு இந்த ஹதீஸ் எத்தனை நெருக்கமானது! பன்றித்தோல் மட்டும் விலக்கு என்பார்கள் ஹனஃபிகள். நாயின் தோலையும் சேர்த்து விலக்குவார்கள் ஷாஃபிஈகள். வெயிலில் உலர்த்துவதும் பதனிடுதலாகுமா என்பதிலும் கருத்து வேறுபாடு உண்டு. ஹனஃபிகள் ஆகும் என்றனர். ஷாஃபிஈகள் துவர்ப்பும் காரமும் உள்ள பொருள் வேண்டும் என்றனர்.

இங்கே கேட்க வேண்டிய கேள்வி வேறு. பதனிட்டால் தூய்மையாகும் என்பதிலிருந்து, பதனிடாவிட்டால் தூய்மையில்லை என்று முடிவு செய்யலாமா? செய்யக் கூடாது. பிஸ்மில்லாஹ் கூறி முறைப்படி அறுக்கப்பட்ட ஆட்டின் தோல் பதனிடாமலே தூய்மையானது. பதனிடுதல் தூய்மைக்கு ஒரு வழி, ஒரே வழியன்று. ‘ஆல்’ என்னும் ஈரெழுத்து விகுதியைக் கேட்டதும் அதன் எதிர்மறையையும் மனம் தானாகவே சேர்த்துக்கொள்கிறது. பேச்சு வழக்கில் அது பெரும்பாலும் சரியாகவே இருக்கும். ‘நாளை வந்தால் பணம் தருகிறேன்’ என்றால், வராவிட்டால் இல்லை என்றே கேட்பவர் கொள்வார். 1971இல் மைக்கேல் கைஸ், ஆர்னால்ட் ஸ்விக்கி என்னும் அமெரிக்க மொழியியலாளர் இருவர் இதை ஆராய்ந்து, அந்த எதிர்மறை சொற்பொருளில் இல்லை, கேட்பவரின் ஊகத்தில்தான் இருக்கிறது என்று எழுதினர். நம் இமாம்கள் இதே விவகாரத்தை ‘மஃப்ஹூமுஷ் ஷர்த்’ என்ற பெயரில் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே விவாதித்துவிட்டனர். அவர்களுக்கு அது வெறும் ஆராய்ச்சியாக இருக்கவில்லை. ஒரு பெண்ணின் உணவு அதில் தங்கியிருந்தது.

திருமறையின் அத்தலாக் அத்தியாயம், ஆறாவது வசனம். தலாக் சொல்லப்பட்ட பெண்கள் கர்ப்பிணிகளாக இருந்தால், பிரசவிக்கும் வரை அவர்களுக்குச் செலவு செய்யுமாறு அது கணவனுக்குக் கட்டளையிடுகிறது. மீட்டுக்கொள்ளக்கூடிய தலாக்கில் இத்தா முடியும் வரை எல்லாப் பெண்களுக்கும் ஜீவனாம்சம் உண்டு. அதில் கருத்து வேறுபாடில்லை. மீட்க முடியாதபடி பிரிந்துவிட்டவள் கர்ப்பிணியாக இல்லையென்றால்? ஷாஃபிஈ மத்ஹபின் விடை: அவளுக்கு இருப்பிடம் உண்டு, உணவுச் செலவு இல்லை. அல்லாஹ் ஒரு நிபந்தனையைக் கூறியிருக்கும்போது அது பயனற்ற சொல்லாக இருக்க முடியாது. நிபந்தனை நீங்கினால் சட்டமும் நீங்கும் என்பது அவர்கள் வாதம். ஹனஃபிகளின் விடை: அவளுக்கும் இரண்டும் உண்டு. வசனம் கர்ப்பிணியைப் பற்றிப் பேசுகிறது, மற்றவளைப் பற்றி மௌனம் காக்கிறது. மௌனத்திலிருந்து மறுப்பைப் பிழிந்தெடுக்கக் கூடாது. கர்ப்பகாலம் நீண்டது என்பதால், அவ்வளவு காலமும் கொடுக்க வேண்டுமா என்ற ஐயத்தைப் போக்கவே அது தனித்துக் கூறப்பட்டது என்பது அவர்கள் விளக்கம்.

காயல்பட்டினம், கீழக்கரை போன்ற கடற்கரை ஊர்களில் ஷாஃபிஈகளும், வேலூர், ஆம்பூர், வாணியம்பாடி போன்ற உள்நாட்டு ஊர்களில் ஹனஃபிகளும் மிகுதி. ஆகவே ஒரே தமிழ்நாட்டில், ஒரே வசனத்தை ஓதி வளர்ந்த இரு பெண்கள் ஒரே விதமாக மணமுறிவு அடைந்தால், அவர்களின் இத்தாக் காலத்துச் சாப்பாடு ஒரு ‘ஆல்’ விகுதியின் விளக்கத்தைப் பொறுத்து வேறுபட முடியும். தர்க்கத்தை அளவுகோலாகக் கொண்டால் ஹனஃபிகளின் நிலையே வலுவானது என்பது என் கருத்து. ஆயினும் ஷாஃபிஈகள் தர்க்கம் அறியாதவர்கள் அல்லர். மனிதர்கள் பேசும் முறைக்கு அவர்கள் மதிப்பளித்தார்கள், அவ்வளவே.

தர்க்கத்தின் பக்கம் இதற்கு விரிவான இலக்கணம் வகுத்தவர் இப்னு ஸீனா (இறப்பு 1037). நிபந்தனை வாக்கியத்தின் முற்பகுதி ‘முகத்தம்’, பிற்பகுதி ‘தாலீ’. இரண்டுக்கும் இடையே உண்மையான பிணைப்பு இருக்கிறதா, தற்செயலாக இரண்டும் சேர்ந்து உண்மையாயின என்பது மட்டும்தானா என்பதையும் அவர் பிரித்துக் காட்டினார். இந்தப் பாடம் தமிழகத்துக்கு வந்த வழிகளில் ஒன்றைத் திருவல்லிக்கேணியில் இன்றும் காணலாம். லக்னோ ஃபிரங்கி மஹலின் முல்லா நிஸாமுத்தீன் வகுத்த பாடத்திட்டமே ‘தர்ஸே நிஸாமி’. அவருடைய மகன் அப்துல் அலீ, ‘பஹ்ருல் உலூம்’ என்று போற்றப்பட்டவர். நவாப் முகம்மது அலீ வாலாஜாவின் அழைப்பை ஏற்றுச் சென்னைக்கு வந்தார். 1810இல் இங்கேயே மறைந்து, வாலாஜா பள்ளிவாசலை ஒட்டி அடக்கம் செய்யப்பட்டார். முஹிப்புல்லாஹ் பிஹாரீயின் ‘முஸல்லமுஸ் ஸுபூத்’ என்னும் உஸூல் நூலுக்கு அவர் எழுதிய ‘ஃபவாதிஹுர் ரஹமூத்’ விரிவுரை அரபுலகிலும் அச்சாகிப் படிக்கப்படுகிறது. வேலூர் பாக்கியாத்துஸ் ஸாலிஹாத்திலும், 1924இல் ஆம்பூருக்கு அருகே தோன்றிய உமராபாத் ஜாமிஆ தாருஸ் ஸலாமிலும் ஓதி வந்த ஆலிம்களுக்கு ஷர்த்தும் ஸபபும் அன்றாடப் பாடங்கள்.

ஆங்கிலேயர் சட்டம் வந்தபோது நிபந்தனைக்குப் புதிய இலக்கணம் வந்தது. 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம், 25ஆம் பிரிவில், நிறைவேற்ற முடியாத நிபந்தனையையோ சட்டம் தடுத்த நிபந்தனையையோ சார்ந்து சொத்துரிமை உண்டாக்கப்பட்டால் அந்த உரிமையே விழுந்துவிடும் என்கிறது. ஹனஃபி ஃபிக்ஹு ஹிபாவில் வேறு வழி செல்கிறது. ‘என் மகன் ஊர் திரும்பினால் இந்த வீடு உனக்கு’ என்பது ‘தஃலீக்’, அதாவது கொடையையே ஒரு நிகழ்ச்சியில் தொங்கவிடுவது. அந்த ஹிபா செல்லாது. ‘இந்த வீடு உனக்கு, ஆனால் நீ இதை விற்கக் கூடாது’ என்பதோ கொடுத்த பிறகு கட்டிவிட்ட ஷர்த். ஹிபா செல்லும், ஷர்த் விழும். 1882ஆம் ஆண்டுச் சட்டம் தன் 2ஆம் பிரிவிலும் 129ஆம் பிரிவிலும் முஸ்லிம் சட்டத்துக்கு இங்கே இடம் விட்டிருப்பதால், இது இன்றும் நீதிமன்றங்களில் உயிரோடிருக்கும் வேறுபாடு. மகளுக்கு வீட்டை எழுதி வைத்துவிட்டு, விற்கலாகாது என்று ஒரு வரி சேர்த்தால் போதும் என்று நம்பும் தந்தையர் நம்மில் பலர். அந்த வரி காகிதத்தில் இருக்கும், கட்டுப்படுத்தாது. பரீரா (ரலி) அவர்களின் விடுதலையின்போது நபி (ஸல்) அவர்கள், அல்லாஹ்வின் வேதத்துக்கு ஒவ்வாத நிபந்தனை நூறு முறை விதிக்கப்பட்டாலும் வீண் என்று அறிவித்ததையே அறிஞர்கள் இத்தகைய இடங்களில் நினைவூட்டுவார்கள்.

நம் வட்டாரம் மறக்க முடியாத நிபந்தனை ஒன்று 1996 ஆகஸ்ட் 28 அன்று வந்தது. வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் நீதிபதி குல்தீப் சிங் தலைமையிலான உச்சநீதிமன்ற அமர்வு தீர்ப்பளித்தது. சுத்திகரிக்கப்படாத கழிவுநீர் வயலிலும் பாலாற்றிலும் கலந்ததால், தோல் தொழில் பகுதியில் ஏறத்தாழ 35,000 ஹெக்டேர் விளைநிலம் முழுமையாகவோ பகுதியாகவோ சாகுபடிக்கு உதவாததாகிவிட்டது என்ற ஆய்வைத் தீர்ப்பு எடுத்துக் காட்டியது. ஒவ்வொரு தோல் தொழிற்சாலைக்கும் 10,000 ரூபாய் அபராதம். சுத்திகரிப்பு வசதி செய்து, மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் இசைவை நவம்பர் 30க்குள் பெற வேண்டும், பெறாதவை மூடப்படும். இசைவு இல்லையேல் தொழில் இல்லை: துல்லியமான ஷர்த் இது.

தீர்ப்பின் ஆழம் வேறோரிடத்தில் இருக்கிறது. பெருங்கேடு நேரும் அச்சம் இருக்கும்போது, அறிவியல் முழு உறுதி தரவில்லை என்பதைக் காரணம் காட்டித் தடுப்பு நடவடிக்கையைத் தள்ளிப்போடக் கூடாது; தன் தொழில் தீங்கற்றது என்று நிரூபிக்கும் பொறுப்பு தொழில் செய்பவருடையது என்றது நீதிமன்றம். உறுதியைச் சந்தேகம் நீக்காது என்ற விதியைப் படித்த நமக்கு இது முதலில் நெருடும். ஆனால் நம் ஃபுகஹாக்கள் அறிவை யகீன், ளன்னு, ஷக்கு, வஹ்மு என்று படிப்படியாக வைத்தனர். செயலுக்கு முழு உறுதியை அவர்கள் எப்போதும் கோரவில்லை. ‘மிகைத்த எண்ணம்’ போதும் என்றனர். அருகில் தண்ணீர் இருக்கும் என்று எண்ணம் மிகைத்தால், தேடாமல் தயம்மும் செய்யக் கூடாது என்பது ஹனஃபி சட்டம். கணிதவியலார் இதற்கு எண் கொடுத்தார்கள். தாமஸ் பேய்ஸ் எழுதி, அவர் மறைவுக்குப் பின் 1763இல் வெளியான கட்டுரையிலிருந்து வளர்ந்த நிகழ்தகவுக் கணிதமும், நிபந்தனையைத் திருப்பிப் போடாதே என்றே எச்சரிக்கிறது. தொழிற்சாலைக்கு அருகிலுள்ள கிணறு கெட்டிருக்க வாய்ப்பு எவ்வளவு என்பது ஒரு கேள்வி. கெட்டுப்போன கிணற்றுக்கு அத்தொழிற்சாலைதான் காரணமாயிருக்க வாய்ப்பு எவ்வளவு என்பது இன்னொரு கேள்வி. அந்த நாள்களில் தொழிலதிபர்கள் ஒன்றையும் விவசாயிகள் மற்றொன்றையும் பேசிக்கொண்டிருந்தனர் என்றே எனக்குத் தோன்றுகிறது.

நிபந்தனைச் சொற்களில் நம் நாவில் அதிகம் புழங்குவது ‘இன்ஷா அல்லாஹ்’. நாளை இதைச் செய்வேன் என்று கூறும்போது அல்லாஹ் நாடினால் என்பதைச் சேர்க்காமல் கூறாதீர் என அல்கஹ்ஃபு அத்தியாயம் கற்பிக்கிறது. கடைத்தெருவில் அது ‘பார்க்கலாம்’ என்பதன் மறுபெயராகத் தேய்ந்திருக்கலாம். ஃபிக்ஹில் அதற்குச் சட்ட வலிமை உண்டு. சத்தியத்தோடு சேர்த்து அதைச் சொன்னவர் சத்தியத்தை முறித்தவராகார். ஆனால் சத்தியத்தை அடுத்து இடைவெளியின்றிச் சொல்லியிருக்க வேண்டும் என்பது இமாம் அபூஹனீஃபா (ரஹ்) அவர்களின் தீர்ப்பு. பிறகு சேர்த்தாலும் செல்லும் என்ற கருத்து இப்னு அப்பாஸ் (ரலி) அவர்களுடையதாகச் சொல்லப்படும். இமாமைப் பிடிக்காத ஓர் அவையினர், அவர் இப்னு அப்பாஸின் வழித்தோன்றலான கலீஃபா மன்ஸூரிடம், தங்கள் பாட்டனாரையே இவர் மறுக்கிறார் என்று கோள் சொன்னாராம். இமாம் பதற்றமின்றிச் சொன்னார்: இவர் பேச்சுப்படி, தங்கள் படைவீரர்கள் தங்கள்முன் விசுவாசப் பிரமாணம் செய்துவிட்டு, வீட்டுக்குப் போய் இன்ஷா அல்லாஹ் சொல்லிக்கொள்ளலாம், அப்போது தங்களுக்குப் படையே இராது. மன்ஸூர் சிரித்துவிட்டு, கோள் சொன்னவரைப் பார்த்து, இனி இவரிடம் வாய் கொடுக்காதே என்றாராம்.