காங்கேயத்துக் குரல்: பி. எஸ். வீரப்பாவின் திரைவாழ்வு

ஈரோட்டிலிருந்து கோயம்புத்தூர் செல்லும் இருப்புப்பாதையில் அமைந்த ஊத்துக்குளி வெண்ணெய்க்கும், அதனை அடுத்த திருப்பூர் பனியனுக்கும் பெயர் பெற்றவை. அவற்றைக் கொண்டே இவ்வட்டாரத்தின் வரலாறு எழுதப்பட்டு வருவதால், தமிழ்த் திரைப்படம் வேரூன்றிய காலத்தில் இப்பகுதி அதற்கு அளித்தவை போதிய கவனம் பெறவில்லை. என். எஸ். கிருஷ்ணன் திரையில் முதன்முதலாகத் தோன்றிய 'மேனகா' (1935) திருப்பூர் ஸ்ரீ சண்முகானந்தா டாக்கீஸின் தயாரிப்பாகும். கோவையில் சென்ட்ரல் ஸ்டூடியோவும், பின்னர் எஸ். எம். ஸ்ரீராமுலு நாயுடுவின் பட்சிராஜா ஸ்டூடியோவும் எழுந்தபோது, சென்னைக்கு நிகரான மற்றொரு படத்தொழில் மையம் கொங்குநாட்டிலேயே உருவாயிற்று. இந்நிலம் முதலீட்டோடு நடிகர்களையும் தந்தது. அவர்களுள் ஒருவர் பி. எஸ். வீரப்பா.

ஊத்துக்குளிக்குத் தெற்கே உள்ள காங்கேயத்தில் 1911-இல் பிறந்து பொள்ளாச்சியில் வளர்ந்த வீரப்பா, நாடக மேடையில் பழகிய பின்னரே திரைக்கு வந்தார். கொடுமுடியில் பிறந்து இசையாலும் நடிப்பாலும் பெரும்புகழ் எய்தியிருந்த கே. பி. சுந்தராம்பாளின் பரிந்துரை அவருக்கு வழி திறந்தது; சுந்தராம்பாள் நடித்த 'மணிமேகலை' (1940) அவருடைய முதற்படமாயிற்று. அதன்பின் பத்தாண்டுக் காலம் அவர் ஏற்றவை பெரும்பாலும் சிறு வேடங்களே. இன்று வீரப்பா என்றதும் அவருடைய முழக்கச் சிரிப்பு மட்டும் நினைவுக்கு வருவதும், அச்சிரிப்புக்கு முன்னிருந்த இந்நெடிய காத்திருப்பு மறக்கப்பட்டிருப்பதும் அவருக்குச் செய்யப்பட்ட அநீதி என்றே கொள்ள வேண்டும்.

அவருடைய கலையின் அடிப்படை குரல். ஒலிபெருக்கியின் துணையின்றிக் கடைசி வரிசைவரை வசனத்தைக் கொண்டு சேர்க்க வேண்டியிருந்த நாடக மேடை, சொல்லை முழுமையாக உச்சரிக்கவும் மூச்சை அளந்து செலவிடவும் நடிகனைப் பழக்கியது. சிற்றூர் மக்கள் படம் பார்த்த டூரிங் டாக்கீஸிலும், அதாவது தற்காலிக உரிமம் பெற்று ஊருக்கு ஊர் இடம்பெயர்ந்த கூடாரக் கொட்டகையிலும், அப்பயிற்சி பயன்பட்டது. ஒற்றைப் படக்கருவியின் இரைச்சலுக்கும் ரீல் மாற்றும்போதெல்லாம் எழுந்த ஆரவாரத்துக்கும் இடையில், மணல் குவித்து அமர்ந்திருந்த பார்வையாளரின் செவியில் தெளிவாக விழுந்த குரல்களுள் வீரப்பாவின் குரலும் ஒன்று.

1950-இல் வெளிவந்த 'மருதநாட்டு இளவரசி' முதலாக எம். ஜி. ஆருக்கு எதிர்நின்ற அவர், தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமாகிய மாடர்ன் தியேட்டர்ஸின் 'அலிபாபாவும் 40 திருடர்களும்' (1956) படத்தில் கொள்ளைத் தலைவன் அபு உசேனாகவும், 'நாடோடி மன்னன்' (1958) படத்தில் ராஜகுருவாகவும் நடித்தார். இவ்விரு வேடங்களையும் அடுத்தடுத்துப் பார்ப்பவர் அவருடைய வீச்சை உணரலாம்: முன்னதில் வாளும் ஆர்ப்பரிப்பும் முன்நிற்க, பின்னதில் குரல் தணிந்து, அறிவுரையின் தொனியிலேயே சூழ்ச்சி வெளிப்படுகிறது. எஸ். எஸ். வாசனின் 'வஞ்சிக்கோட்டை வாலிபன்' (1958) படத்தில் பத்மினியும் வைஜயந்திமாலாவும் போட்டியிட்டு ஆடும் காட்சியில், சரியான போட்டி என்று அவர் வியந்து கூறும் ஒற்றை வரி இன்றளவும் மக்கள் பேச்சில் பழமொழிபோல் வழங்குகிறது. அதைச் சொல்வோர் பலர் அது யார் வாயிலிருந்து பிறந்தது என்று அறியாதவர்.

வில்லன், அதாவது கதைத்தலைவனுக்கு எதிர்நிற்கும் தீயவன், வலியவனாக இருந்தாலன்றித் தலைவனின் வெற்றிக்கு மதிப்பில்லை. அக்காலத்து அரசகதைப் படங்களில் தலைவனின் பெருமையில் ஒரு பாதி வீரப்பா போன்றோர் ஈட்டிக் கொடுத்ததே ஆகும்.

தயாரிப்பாளராக அவர் ஆற்றிய பணி இன்னும் குறைவாகவே பேசப்படுகிறது. 'ஆலயமணி' (1962), 'ஆனந்த ஜோதி' (1963), 'ஆண்டவன் கட்டளை' (1964) ஆகியவை அவர் தயாரித்த படங்கள். இவற்றுள் 'ஆலயமணி' தனியே நோக்கத்தக்கது. தீமையைக் கதைத்தலைவனுக்கு வெளியே, தம் உடலிலும் குரலிலும் காட்டிப் பழகிய நடிகர், அத்தீமை தலைவனின் உள்ளத்திலேயே, தனக்குரியதைப் பிறர்க்கு விட்டுக்கொடுக்க இயலாத பொறாமையாக உறையும் கதைக்குத் தம் பணத்தை முதலீடு செய்தார். சிவாஜி கணேசன் ஏற்ற அவ்வேடத்தை, வீரப்பாவே இந்தியில் தயாரித்து ஏ. பீம்சிங் இயக்கிய 'ஆத்மி' (1968) படத்தில் திலீப் குமார் ஏற்றார்.