வெள்ளத்துக்கு அஞ்சிய நாய்

வளர்ப்பு நாய் இடைவிடாது குரைத்தாலும், கதவைப் பிறாண்டினாலும், சீறிக் கடித்தாலும் அதனைக் குற்றவாளியாகக் கருதித் தடியெடுத்தல் நெடுங்காலப் பழக்கம். மிருக வைத்தியமும் தொடக்கத்தில் உடல்நோயிலேயே கருத்தூன்றியது. 1761இல் பிரான்சின் லியோன் நகரிற் குளோட் பூர்ஜலா நிறுவிய முதலாவது மிருக வைத்தியக் கல்லூரியின் தலையாய நோக்கம், கால்நடைகளைக் கொன்ற கொள்ளைநோயை ஒழிப்பதேயாம்.

விலங்கின் உள்ளமும் நோயுறும் என்பதைக் காட்டிய நிகழ்ச்சிகளுள் ஒன்று 1924 செப்டெம்பரில் நேர்ந்தது. நீவா ஆறு பெருகி லெனின்கிராட் நகருட் புகுந்தது. அறிஞர் இவான் பாவ்லோவின் ஆய்வு நாய்கள் கூடுகளில் அகப்பட்டன. நீந்தச் செய்தே அவற்றை மீட்டனர். உடலில் ஊறில்லை. ஆயினும் அவற்றுள் ஒன்று நன்கு பயின்றவற்றை இழந்தது. ஆய்வின்போது உணவையும் மறுத்தது. பலநாட் பொறுமையாற் சிறிது சிறிதாகத் தேறியது. பின்னர், கதவின் கீழே சிறிதளவு நீர் கசியவிடப்பட்டதும் பழைய கலக்கம் மீண்டது. அச்சம் மறையவில்லை, உறங்கிக் கிடந்தது.

இத்தகைய நாயைத் தடியால் அடிப்பின் அச்சம் வளருமேயன்றி நீங்குமோ?

1993இல் அமெரிக்காவில் விலங்கு நடத்தை வைத்தியம் தனிச் சிறப்புத்துறையாக ஏற்கப்பட்டது. 1998இல், தனிமையில் கலங்கும் நாய்களுக்குக் குளோமிப்பிரமின் என்னும் மருந்து அங்கு அனுமதிக்கப்பட்டது. பயிற்சியோடு சேர்த்தே அதனைக் கொடுத்தல் வேண்டும் என்பது விதி. இன்று வைத்தியர் முதலில் நோவு உண்டோ என உடலைச் சோதிப்பார். அடுத்து அச்சத்தின் காரணத்தை வினவுவார். தண்டனை கேளாத வினா அது.