முக்கால் வட்டியும் முப்பத்தொன்பது ஆண்டும்: இந்திய வீட்டுக் கடனின் உண்மைச் செலவு

தமிழ்நாட்டுப் பேச்சு வழக்கில் வட்டிக்கு ஆண்டுக் கணக்குக் கிடையாது. ‘ரெண்டு வட்டி’ என்றால் நூற்றுக்கு மாதம் இரண்டு ரூபாய், அதாவது ஆண்டுக்கு 24 விழுக்காடு. இந்த அளவுகோலில் 9 விழுக்காட்டு வீட்டுக் கடன் வெறும் முக்கால் வட்டி. கைமாற்றுக்கே ஒன்றரை வட்டி கொடுத்துப் பழகியவருக்கு வங்கியின் அனுமதிக் கடிதம் சலுகைச் சீட்டாகத் தெரிவதில் வியப்பில்லை. விகிதத்தை மட்டும் பார்த்தால் அவர் கணிப்பு சரியும்கூட.

ஆனால் அதே வழக்கில் இன்னொரு தெளிவும் இருந்தது. ரெண்டு வட்டிக்கு ஒரு லட்சம் வாங்கியவர் மாதம் இரண்டாயிரம் கட்டுவார். எத்தனை ஆண்டு கட்டினாலும் அசல் அப்படியே நிற்கிறது என்பது அவருக்கும் தெரியும், அவர் வீட்டாருக்கும் தெரியும். போக்கியத்தில் இது இன்னும் வெளிப்படை: பணம் கொடுத்தவர் வட்டிக்குப் பதிலாக வீட்டிலேயே குடியிருப்பார், பணத்தைத் திருப்பினால் வீடு திரும்பும். அசலும் வட்டியும் இந்த ஏற்பாடுகளில் ஒன்றோடொன்று கலப்பதில்லை. வங்கியின் சமமாதத் தவணை, மக்கள் வாயில் ‘டியூ’, இரண்டையும் ஒரே தொகைக்குள் கலந்துவிடுகிறது. மாதா மாதம் போவது ஒரே தொகை. அதற்குள் அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்பது கணக்கைப் பிரித்துப் பார்ப்பவருக்கு மட்டுமே தெரியும்.

வீட்டுக் கடனின் நீண்டகாலச் செலவு குறித்த விவாதங்கள் பெரும்பாலும் விகிதத்தையே சுற்றுகின்றன: எந்த வங்கியில் கால் விழுக்காடு குறைவு என்பது போல. இக்கட்டுரையின் வாதம் வேறு. மாறும் வட்டிக் கடனில் விகிதம் ஏறும்போது அந்த ஏற்றம் எங்கே போய் உட்காருகிறது என்பதே செலவைத் தீர்மானிக்கிறது. தவணைத் தொகையில் உட்கார்ந்தால் அது உடனே வலிக்கும். தவணைக் காலத்தில் உட்கார்ந்தால் வலிக்காது. அதனாலேயே அது பன்மடங்கு பெரிதாக வளர இடம் கிடைக்கிறது.

அண்மைக்கால நிகழ்வு ஒன்றை வைத்தே இதைக் கணக்கிட்டுப் பார்க்கலாம். ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் ரெப்போ விகிதம் 2020 மே மாதத்திலிருந்து 4 விழுக்காடாக இருந்தது. 2022 மே 4 அன்று தொடங்கி 2023 பிப்ரவரி 8-க்குள் ஆறு முறை உயர்த்தப்பட்டு 6.5 விழுக்காட்டில் நின்றது. மொத்த ஏற்றம் இரண்டரை விழுக்காட்டுப் புள்ளி. ஒரு குடும்பம் 50 லட்சம் ரூபாயை 7 விழுக்காட்டில் 20 ஆண்டுக்கு வாங்கியதாகக் கொள்வோம். தவணை 38,765 ரூபாய். 24 மாதம் கட்டிய பின் பாக்கி அசல் ஏறத்தாழ 47.53 லட்சம், மீதித் தவணை 216. இந்த இடத்தில் ரெப்போவின் ஏற்றம் அப்படியே கடனில் ஏறி, வட்டி 9.5 விழுக்காடாகிறது. (உண்மையில் ஏற்றம் படிப்படியாக வந்தது, கணக்கு எளிதாக இருக்க அதை ஒரே நாளில் வந்ததாக வைத்துக்கொள்கிறேன்.)

குடும்பம் பழைய காலத்துக்குள்ளேயே கடனை முடிக்க விரும்பினால் தவணை 46,010 ரூபாயாக வேண்டும். மாதம் 7,245 ரூபாய் கூடுதல். தவணையைத் தொடாமல் காலத்தை மட்டும் நீட்டினால், மீதித் தவணைகளின் எண்ணிக்கை 216-லிருந்து 448 ஆகிறது. கடன் வாங்கிய நாளிலிருந்து எண்ணினால் 39 ஆண்டு 4 மாதம். 35 வயதில் வாங்கியவர் 74 வயதில் முடிப்பார்.

இத்தனை நீட்சி எப்படி வருகிறது? 47.53 லட்சத்துக்கு 9.5 விழுக்காட்டில் ஒரு மாத வட்டி மட்டும் 37,632 ரூபாய். 38,765 ரூபாய்த் தவணையில் அசலுக்குப் போவது 1,133. ‘வட்டியை மட்டும் கட்டிக்கொண்டு வா, அசலைப் பிறகு பார்க்கலாம்’ என்று ஊரில் சொல்வார்களே, கிட்டத்தட்ட அதே நிலைக்கு இந்தக் கடன் யாரும் சொல்லாமலே வந்து சேர்ந்திருக்கிறது. 2023 பிப்ரவரியிலிருந்து 28 மாதம் இப்படியே கட்டினால், சுமார் 10.85 லட்சம் கட்டியும் அசல் குறைவது 35 ஆயிரம் அளவுக்குத்தான். 2025 பிப்ரவரிக்கும் ஜூனுக்கும் இடையில் ரெப்போ ஒரு விழுக்காட்டுப் புள்ளி குறைந்தது. அந்தக் குறைப்பு முழுவதும் கைக்கு வந்து வட்டி 8.5 ஆனாலும் இன்னும் 281 தவணை மிச்சம். இருபது ஆண்டுக் கடன் இருபத்தேழே முக்கால் ஆண்டுக் கடனாக மாறியிருக்கும். ஏறின வட்டி இறங்கியபோது காலமும் பழைய இடத்துக்குத் திரும்பிவிடும் என்ற பொது நம்பிக்கை கணக்கில் நிற்பதில்லை. ஏற்றம் நீடித்த மாதங்களில் அடைபடாத அசல் அப்படியே தங்கிவிடுகிறது.

நடைமுறையில் எல்லாக் கடனும் 39 ஆண்டுக்கு நீண்டுவிடாது. கடன்தாரரின் ஓய்வு வயதை ஒட்டி வங்கிகள் ஓர் எல்லை வைக்கின்றன. அது வந்ததும் தவணையை உயர்த்துவார்கள். ஆயினும் எல்லை வரும்வரை நீட்சிதான் முதல் தேர்வாக இருந்தது. கடன்தாரரின் முறையான ஒப்புதலும் உரிய தகவலும் இல்லாமல் காலம் அளவுமீறி நீட்டப்பட்ட நேர்வுகளைக் கண்டதாக ரிசர்வ் வங்கியே 2023 ஆகஸ்ட் கொள்கை அறிவிப்பில் சொன்னது.

இதில் ஒரு முரண் உண்டு. வட்டி நிர்ணய முறையை நியாயமாக்க எடுத்த நீண்ட முயற்சியின் கடைசிப் படிதான் இந்த வேகமான ஏற்றத்துக்கு வழி விட்டது. 2003-இன் பி.பி.எல்.ஆர்., 2010 ஜூலையின் அடிப்படை விகிதம், 2016 ஏப்ரலின் எம்.சி.எல்.ஆர். என ஒவ்வொரு முறையிலும் வங்கியின் உள் கணக்கே அளவுகோலாக இருந்தது. ரெப்போ குறைந்தால் அதன் பலன் பழைய கடன்தாரருக்கு மெதுவாகவும் அரைகுறையாகவும் வந்தது. ஜனக் ராஜ் தலைமையிலான ரிசர்வ் வங்கியின் ஆய்வுக் குழு 2017-இல் ரெப்போ போன்ற வெளி அளவுகோலைப் பரிந்துரைத்தது. 2019 அக்டோபர் முதல் வங்கிகளின் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்களுக்கு அது கட்டாயமானது. வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. வெளி அளவுகோல்படி குறைந்தது மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டி திருத்தப்பட வேண்டும். இறங்கும்போது வேகமாக வர வேண்டும் என்று கேட்டுப் பெற்ற குழாய் அது. 2022-இல் ஏற்றமும் அதே வேகத்தில் அதன் வழியே வந்தது. விகிதத்தில் ஒளிவுமறைவு போயிற்று. காலத்தில் அது மிஞ்சியது.

இங்கே பொருளியலாளர் ஒருவர் குறுக்கிடுவார், குறுக்கிடவும் வேண்டும். நாற்பது ஆண்டுக்குப் பின் கட்டும் ரூபாயையும் இன்று கட்டும் ரூபாயையும் ஒன்றாகக் கூட்டுவது பிழை. ‘வாங்கியதைப் போல மூன்று மடங்கு கட்டினேன்’ என்ற புலம்பலில் பாதி பணவீக்கத்தின் வேலை. எதிர்காலத் தவணைகளை 9.5 விழுக்காட்டில் தள்ளுபடி செய்து இன்றைய மதிப்பாக்கினால் தவணையை உயர்த்துவதும் காலத்தை நீட்டுவதும் ஒரே மதிப்புடையவை. கணித வரையறையே அதுதான். இந்த ஆட்சேபத்தை நான் முழுதாக ஏற்கிறேன். எனவே கூட்டுத்தொகையை விட்டுவிட்டு, ரிசர்வ் வங்கியின் பணவீக்க இலக்கான 4 விழுக்காட்டில் தள்ளுபடி செய்து, 9.5 விழுக்காட்டு நிலை கடைசிவரை நீடிப்பதாகவே வைத்து மறுபடி கணக்கிடுவோம்.

வெறும் கூட்டலில் நீட்டிய வழியின் மீதிச் செலுத்தம் 173.66 லட்சம், உயர்த்திய வழியில் 99.38 லட்சம். இடைவெளி சுமார் 74 லட்சம். பணவீக்கத்தைக் கழித்தபின் முதலாவது 90 லட்சம், இரண்டாவது 71 லட்சம். இடைவெளி 19 லட்சமாகச் சுருங்குகிறது. அச்சுறுத்தும் எண்ணில் முக்கால் பங்கு காற்றோடு போய்விட்டது. ஆனால் மீந்த 19 லட்சம் மெய்யான செலவு. தொடக்க அனுமானப்படி 7 விழுக்காட்டில் 20 ஆண்டும் கடன் ஒழுங்காக ஓடியிருந்தால், அதே முறையில் பார்க்கும்போது 50 லட்சத்துக்காக இன்றைய மதிப்பில் 64 லட்சம் கட்டுவதாக முடியும். கடனின் மெய்ச்செலவு 14 லட்சம். ஓர் அறிவிப்புமின்றி நடந்த நீட்சியின் விலை, கடன் முழுவதற்கும் எதிர்பார்த்த விலையைவிட அதிகம். 9.5 விழுக்காட்டில் தள்ளுபடி செய்யலாம் என்பவர், மாதம் மிச்சமாகும் 7,245 ரூபாயை வரி போக 9.5 விழுக்காடு தரும் இடத்தில் குடும்பம் போட்டுவைக்கும் என்று அனுமானிக்கிறார். வைப்புநிதியை நம்பும் குடும்பத்துக்கு அப்படி ஓர் இடம் கிடையாது.

7,245 ரூபாயைக் கூட்டிக் கட்ட இயலாத குடும்பங்களும் உண்டு. அவர்களுக்கு நீட்சி தண்டனை அன்று. வீட்டைக் காப்பாற்றும் வழி. ஆகவே நீட்சியைத் தடைசெய் என்பது என் நிலைப்பாடு இல்லை. தெரிந்து தேர்ந்தெடுத்த நீட்சிக்கும் தெரியாமல் விழுந்த நீட்சிக்கும் உள்ள வேறுபாட்டைத்தான் வலியுறுத்துகிறேன்.

கடனுக்குக் கால எல்லையோடு தொகை எல்லையும் வேண்டும் என்ற எண்ணம் இந்த மண்ணுக்குப் புதிதன்று. வட்டிப் பாக்கி அசலை மிஞ்சக் கூடாது என்னும் தாம்துபட் விதி இந்து சட்ட மரபில் இருந்தது. பிரிட்டிஷ் நீதிமன்றங்கள் பம்பாய் மாகாணத்திலும் கல்கத்தா நகரிலும் அதை ஏற்றன. சென்னை மாகாணத்தில் அதற்கு நெருங்கிய ஒன்று சட்டமாகவே வந்தது. ராஜாஜி ஆட்சியின் 1938-ஆம் ஆண்டு விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம், 1932 அக்டோபர் 1-க்கு முந்தைய கடன்களில், அசலாகவோ வட்டியாகவோ விவசாயி ஏற்கெனவே அசலைப் போல இரு மடங்கு கட்டியிருந்தால் கடன் தீர்ந்ததாகக் கொண்டது. பெருமந்தத்தில் விலைகள் வீழ்ந்து கடனின் மெய்ச்சுமை ஏறிய காலத்துச் சட்டம் அது. பணவீக்கக் காலத்து வீட்டுக் கடனுக்கு அதை அப்படியே பொருத்துவது அறிவீனம். எனினும் ஓர் அளவுகோலாக அது பயன்படும். நம் எடுத்துக்காட்டில் 7 விழுக்காட்டுக் கடன் 93 லட்சத்தில் முடிந்து இரு மடங்குக்குள் அடங்குகிறது. நீட்டிய கடன் 183 லட்சத்தைத் தொடுகிறது.

மற்றச் செலவுகள் இவ்வளவு ஆழமானவை அல்ல. தமிழ்நாட்டில் 2023 ஏப்ரல் முதல் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2 என மொத்தம் 9 விழுக்காடு. பெரும்பாலும் அது கையிருப்பிலிருந்தே போகிறது. கடனோடு சேர்த்து விற்கப்படும் ஒற்றைப் பிரிமியக் காப்பீடு மட்டும் கவனத்துக்குரியது: ஒரு லட்ச ரூபாய்ப் பிரிமியத்தை அசலில் சேர்த்தால் 8.5 விழுக்காட்டில் 20 ஆண்டில் 2.08 லட்சம் கட்ட நேரிடும். வரிச்சலுகை செலவைக் குறைக்கிறது என்பது பழைய வரிமுறையில் இருப்பவருக்கே பொருந்தும். அங்கும் குடியிருக்கும் வீட்டின் வட்டிக் கழிவு ஆண்டுக்கு 2 லட்சத்தோடு நின்றுவிடும். 2023-24 முதல் இயல்பு முறையாகிவிட்ட புதிய வரிமுறையில் அந்தக் கழிவே இல்லை.

ஒழுங்குமுறை நீட்சியைக் கவனிக்காமல் இல்லை. ரிசர்வ் வங்கியின் 2023 ஆகஸ்ட் 18 சுற்றறிக்கை, வட்டி திருத்தப்படும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்ற தேர்வைக் கடன்தாரருக்குத் தந்தது. வட்டியைக்கூடத் தவணை ஈடுகட்டாமல் அசல் வளரும் நிலை வரக் கூடாது என்றது. இதுவரை அடைந்த அசல், வட்டி, மீதித் தவணைகளின் எண்ணிக்கை ஆகியவற்றைக் காலாண்டுதோறும் தரச் சொன்னது. 2024 அக்டோபர் முதல் முக்கியத் தகவல் அறிக்கையும் ஆண்டுச் செலவு விகிதமும் கட்டாயம். மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் அபராதம் வாங்குவது 2012-லேயே நிறுத்தப்பட்டுவிட்டது.

இவற்றில் எனக்குப் போதாமை தெரிவது இரண்டு இடங்களில். முக்கியத் தகவல் அறிக்கையின் விகிதம் கடன் தரும் நாளின் வட்டியை வைத்துப் போடப்படுகிறது. இருபது ஆண்டுக்குள் எத்தனையோ முறை மாறப்போகும் ஒன்றை அது ஒரே எண்ணாகச் சொல்கிறது. அமெரிக்காவில் 30 ஆண்டு நிலைவட்டிக் கடன் வாங்குபவருக்கு அப்படியொரு எண் பொருள் தரும். அங்கே வட்டி ஏறும் அபாயத்தைக் கடன்தாரர் சுமப்பதில்லை. 1938-இல் தோன்றிய ஃபேனி மே போன்ற அமைப்புகள் வழியே அது முதலீட்டாளருக்குக் கைமாறுகிறது. இந்தியாவில் அபாயம் முழுவதும் குடும்பத்தின் தலையில். அப்படியிருக்க, வட்டி இரண்டரைப் புள்ளி ஏறினால் கடன் எத்தனை ஆண்டாகும் என்பதை முதல் பக்கத்திலேயே அச்சிடுவது எண்களைக் கூட்டிக் கழிப்பதை விடச் சிரமமான காரியமில்லை.

இரண்டாவது, காலாண்டு அறிக்கை தரும் எண் இதுவரை சேர்ந்த மொத்தம். நம் குடும்பம் 24 மாதத்தில் அடைத்த இரண்டரை லட்சத்துக்குச் சற்றுக் குறைந்த அசல் அங்கே தெரியும். இப்போது அசல் கிட்டத்தட்ட நின்றுவிட்டது என்பது அந்த மொத்தத்துக்குள் மறைந்துபோகும். தேவைப்படுவது ஒரு மாதக் கணக்கு. ஏனென்றால் அசல் நின்றிருக்கும் அந்தக் கட்டத்தில்தான் சிறு தொகையின் வலிமை மிக அதிகம். 9.5 விழுக்காட்டில் காலம் நீட்டப்பட்ட அன்றைக்கே ஒரு லட்ச ரூபாயைக் கொண்டுபோய் அசலில் கட்டினால் 448 தவணை 381 ஆகிவிடும். ஐந்தரை ஆண்டுக்கு மேல் குறையும். இதை அறிந்திருந்தால் ஒரு சீட்டுப் பணத்தை எங்கே போடுவது என்று குடும்பம் வேறு விதமாக முடிவெடுத்திருக்கலாம்.

தவணை பிடித்த அன்று வங்கி அனுப்பும் குறுஞ்செய்தியில், பிடித்த தொகைக்குக் கீழே ‘இம்மாதம் அசலில் வரவு’ என்று ஒரு வரி சேர்ந்தால் போதும். நாம் எடுத்துக்கொண்ட குடும்பத்துக்கு இருபத்தைந்தாவது மாதம் வந்த செய்தியில், 38,765 ரூபாய்க்குக் கீழே அந்த வரியில் 1,133 என்று இருந்திருக்கும்.