எட் மெக்கில்வெனி

எட்வர்ட் ஜோசப் மெக்கில்வெனி (21 அக்டோபர் 1924 – 18 மே 1989) ஸ்காட்லாந்தில் பிறந்து அமெரிக்காவில் குடியேறிய கால்பந்து ஆட்டக்காரர். நடுக்களத்தில் ‘ரைட் ஹாஃப்’ இடத்தில் ஆடியவர். 1950 உலகக் கோப்பையில் இங்கிலாந்தை 1-0 என்று வென்ற அமெரிக்க அணிக்கு அன்றைய தலைவர் இவர்தான். சர்வதேச ஆட்டங்களில் அவர் ஆடியவை மூன்றே மூன்று. மூன்றும் அந்த உலகக் கோப்பையில், எட்டே நாட்களில் தொடங்கி முடிந்துவிட்டன.

பிறந்த ஊர் கிளைட் ஆற்றின் முகத்துவாரத்திலுள்ள கிரீனொக். கப்பல் கட்டும் தளங்களுக்கும் சர்க்கரை ஆலைகளுக்கும் பெயர்பெற்ற ஊர் அது. பிழைப்புத் தேடி அமெரிக்காவுக்கும் கனடாவுக்கும் புறப்பட்ட ஸ்காட்லாந்துக்காரர்கள் தலைமுறை தலைமுறையாகக் கப்பலேறிய துறைமுகமும் அதுவே. உள்ளூர் மார்ட்டன் சங்கத்தில் இருந்துவிட்டு, 1947இல் வேல்ஸின் ரெக்ஸம் அணிக்குச் சென்றார். மூன்றாம் டிவிஷன் அணியான அதிலும் இரண்டு ஆண்டுகளில் கிடைத்தவை 7 லீக் ஆட்டங்கள், அடித்தது 1 கோல். 1949இல் ரெக்ஸம் எந்தத் தொகையும் கேட்காமல் அவரை விடுவித்தது. அமெரிக்காவில் இருந்த சகோதரியிடம் போய்ச் சேர்ந்தார்.

அங்கே பிலடெல்பியா நேஷனல்ஸ் அணியில் இடம் கிடைத்தது. அமெரிக்க கால்பந்து லீகின் 1949-50 பட்டத்தை அந்த அணி வென்றது. அமெரிக்காவின் வழக்கமான தலைவரான வால்டர் பாஹ்ரும் அதே அணிக்காரர். அமெரிக்கக் கால்பந்தில் ஸ்காட்லாந்துக்காரர்கள் அப்போது புதியவர்கள் இல்லை. 1930இல் முதல் உலகக் கோப்பையின் அரையிறுதி வரை போன அமெரிக்க அணியில் ஐந்து பேர் ஸ்காட்லாந்தில் பிறந்தவர்கள்.

1950 அணியின் பயிற்சியாளர் பில் ஜெஃப்ரியும் எடின்பரோவில் பிறந்தவர். பென்சில்வேனியாவின் அல்டூனா ரயில்வே பணிமனையில் வேலை பார்த்து, பிறகு பென் ஸ்டேட் கல்லூரியில் கால்பந்து கற்றுக்கொடுத்தவர். போட்டி தொடங்கச் சில நாட்கள் இருக்கும்போதுதான் தேசிய அணி அவர் கைக்கு வந்தது. ஆட்டக்காரர்களில் ஒருவர் கடிதம் கொடுக்கும் தபால்காரர், ஒருவர் பள்ளி ஆசிரியர். கோல்கீப்பர் ஃபிராங்க் போர்கி ஈமச்சடங்கு நிறுவனத்தின் சவ ஊர்தி ஓட்டியவர். முழுநேரத் தொழிலாகப் பந்து விளையாடிப் பழகியவர் என்று இவர்களுக்கு நடுவே மெக்கில்வெனியைச் சொல்லலாம். அந்தத் தொழிலும் அவரை வேண்டாமென்று அனுப்பியிருந்தது என்பது வேறு விஷயம்.

மெக்கில்வெனி அமெரிக்கக் குடிமகன் அல்லர், பின்னாளிலும் ஆகவில்லை. ஹைட்டியிலிருந்து வந்த ஜோ கேட்ஜென்ஸ், பெல்ஜியத்திலிருந்து வந்த ஜோ மாக்கா ஆகியோரின் நிலையும் அன்று அதுதான். குடியுரிமை பெற விரும்புவதாக அறிவித்திருந்தாலே போதும் என்று அமெரிக்கக் கால்பந்துச் சங்கத்தின் அன்றைய விதி அனுமதித்தது. ஆட்டத்துக்குப் பிறகு இது சர்ச்சையானபோது ஃபிஃபா விசாரித்து, தவறேதும் இல்லையென்று முடித்துவைத்தது.

முதல் ஆட்டம் ஜூன் 25, குரிச்சிபாவில் ஸ்பெயினுடன். கடைசிப் பத்து நிமிடங்கள் வரை 1-0 என்று முன்னிலை வகித்த அமெரிக்கா, அந்தப் பத்து நிமிடங்களுக்குள் மூன்று கோல்கள் வாங்கித் தோற்றது. அடுத்து நடந்ததைத் தற்செயல் என்று மட்டும் ஒதுக்குகிறவர்கள் இந்த எண்பது நிமிடங்களை மறந்துவிடுகிறார்கள். அன்று தலைமை தாங்கியவர், ஸ்பானிய மொழி தெரிந்த ஹாரி கியோ. அதே கணக்கில், இங்கிலாந்துக்கு எதிரே பிரிட்டன்காரர் ஒருவர் நிற்கட்டும் என்று மெக்கில்வெனிக்குத் தலைமை கொடுக்கப்பட்டதாகச் சொல்வார்கள்.

ஜூன் 29, பெலோ ஒரிசொந்தே நகரம். பில்லி ரைட் தலைமையில் வந்த இங்கிலாந்து அணியில் டாம் ஃபின்னி, மார்ட்டென்சன், மானியன், ஆல்ஃப் ராம்சே எல்லோரும் இருந்தார்கள். ஸ்டான்லி மேத்யூஸுக்கு ஓய்வு. தொடக்கத்திலிருந்தே அமெரிக்க கோல் முனையை இங்கிலாந்து முற்றுகையிட்டது. பந்து கம்பத்தில் பட்டது, போர்கியின் கையில் பட்டது, உள்ளே மட்டும் போகவில்லை. 38ஆம் நிமிடத்தில் வலப்பக்க எல்லைக்கோட்டிலிருந்து மெக்கில்வெனி பந்தை எறிந்தார். அதை வாங்கிய பாஹ்ர் ஏறத்தாழ 25 கஜத்திலிருந்து அடிக்க, குறுக்கே பாய்ந்த கேட்ஜென்ஸின் தலையில் பட்டுத் திசை மாறிய பந்து, கோல்கீப்பர் பெர்ட் வில்லியம்ஸை ஏமாற்றி வலைக்குள் போனது. பிறகு ஐம்பது நிமிடங்களுக்குமேல் இரு பக்கமும் கோல் இல்லை.

ஸ்காட்லாந்து அந்த உலகக் கோப்பைக்கு வரவே இல்லை. பிரிட்டிஷ் தீவுகளின் சாம்பியன்ஷிப்பில் முதலிரண்டு இடங்களுக்கு உலகக் கோப்பை வாய்ப்பு உண்டு என்று ஃபிஃபா சொல்லியிருந்தது. பட்டத்தை வென்றால்தான் போவோம் என்று ஸ்காட்லாந்துச் சங்கம் வீம்பு பிடித்தது. ஏப்ரலில் கிளாஸ்கோவின் ஹாம்ப்டன் பார்க்கில் ராய் பென்ட்லி அடித்த ஒரே கோலில் இங்கிலாந்திடம் தோற்று, சொன்னபடியே வீட்டில் தங்கிவிட்டது. அந்த பென்ட்லியும் பெலோ ஒரிசொந்தேயில் ஆடினார். நாடு அனுப்பாத பிரேசிலுக்கு, நாட்டைவிட்டுப் போன இரண்டு ஸ்காட்லாந்துக்காரர்கள் வந்து, ஒருவர் பயிற்சியாளராகவும் ஒருவர் தலைவராகவும் அந்தக் கடனைத் தீர்த்துவைத்தார்கள்.

ஜூலை 2 அன்று ரெசிஃபியில் சிலியிடம் 5-2 என்று தோற்று அமெரிக்கா வெளியேறியது.

அந்தக் கோடையிலேயே மான்செஸ்டர் யுனைடெட்டின் மேலாளர் மாட் பஸ்பி மெக்கில்வெனியைத் தன் அணிக்கு அழைத்துக்கொண்டார். பிரிட்டனில் ஆட்டக்காரர்களின் வாரச் சம்பளத்துக்கு 12 பவுண்டு என்ற உச்சவரம்பு இருந்த காலம் அது. அதைப் பொறுக்காமல் அதே யுனைடெட்டின் சார்லி மிட்டன் கொலம்பியாவின் பொகோட்டாவுக்குப் போய்விட்டார். இங்கிலாந்தின் நடுத்தடுப்பாளர் நீல் ஃபிராங்க்ளினும் அங்கேதான் போனார். உலகக் கோப்பையில் அவர் இல்லாதது அதனால்தான். எல்லோரும் கடல் தாண்டிப் போன அந்தக் கோடையில் மெக்கில்வெனி திரும்பி வந்தார்.

1950-51 பருவத்தின் முதல் இரண்டு ஆட்டங்களில் களமிறங்கினார். ஃபுல்ஹாமை யுனைடெட் 1-0 என்று வென்றது; லிவர்பூலிடம் 2-1 என்று தோற்றது. அதன்பின் முதல் அணியில் அவர் ஆடவே இல்லை. 1953இல் அயர்லாந்தின் வாட்டர்ஃபோர்ட் அணிக்குப் போனார்.

பிற்காலத்தில் இங்கிலாந்தின் தென்கரையில் ஈஸ்ட்போர்னில் குடியேறி, சிறுவர்களுக்குக் கால்பந்து கற்றுக்கொடுத்தார். 1976இல் அமெரிக்கக் கால்பந்தின் புகழ் மண்டபம் 1950 அணியினரைத் தன் பட்டியலில் சேர்த்தது.

அந்த அணிக்குப் பிறகு நாற்பது ஆண்டுகள் அமெரிக்கா உலகக் கோப்பைப் பக்கமே போகவில்லை. 1989 நவம்பரில் டிரினிடாடில் 1-0 என்று வென்று தகுதி பெற்றபோது மெக்கில்வெனி இறந்து ஆறு மாதம் ஆகியிருந்தது. அந்த ஆட்டத்தில் ஆடியவர்களில் ஒருவர் ஜான் ஹார்க்ஸ். நியூ ஜெர்சியின் கியர்னி ஊரில் ஸ்காட்லாந்துக் குடும்பத்தில் பிறந்தவர். 1950 வெற்றியைப் பற்றி 2005இல் ஹாலிவுட் படம் எடுத்தபோது, மெக்கில்வெனியாக நடித்தவர் அவர்.