கோய்டர் கோடும் நியூகாசில் கவுண்டியும்

காணியின் எல்லையை வரையறுத்து அதன் உரிமையைப் பதிவேட்டில் நிலைநாட்டுதல் அரசின் தலையாய கடமைகளுள் ஒன்றாகும். ஆயின், எழுத்தில் உறுதிபெற்ற நிலம் விளைவிலும் உறுதிபெறுமோ என்பது வேறொரு வினா. தென் அவுஸ்திரேலியாவிலுள்ள நியூகாசில் கவுண்டியின் வரலாறு அதற்குத் தக்க விடை பகர்கின்றது.

அந்நாட்டில் 49 கவுண்டிகள் வகுக்கப்பட்டன. அவை ஆட்சிப் பிரிவுகள் அல்ல. காணிகளை இனங்காண்பதற்கென அமைந்தவை. கவுண்டிகள் ‘ஹண்ட்றட்’ எனப்படும் சிறு பிரிவுகளாகவும், அவை இலக்கமிட்ட துண்டுகளாகவும் பிரிக்கப்பட்டன. றொபேட் ரொறென்ஸ் என்பாரின் முயற்சியால் 1858இல் நடைமுறைக்கு வந்த சட்டம், பழைய உறுதிகளைத் தொடராக ஆராயும் தொல்லையை நீக்கிப் பதிவேட்டையே உரிமைக்குச் சான்றாக்கிற்று.

இனி, மழையின் கதையை நோக்குவாம். 1860களின் நடுப்பகுதியிற் கொடிய வறட்சி மேய்ச்சல் நிலங்களைத் தாக்கியது. அதன் எல்லையைக் கண்டறியுமாறு நில அளவை அதிபதி ஜோர்ஜ் கோய்டர் 1865இல் அனுப்பப்பட்டார். அவர் குதிரைமீது நெடுந்தூரஞ் சென்று, தாவரங்களையே சான்றாகக் கொண்டார். உப்புப்புதர் மிக்க இடங்களை மழை நம்பத்தகாதவை எனத் துணிந்து ஒரு கோடு வரைந்தார். அக்கோடு ஆண்டுக்கு ஏறத்தாழ 10 அங்குல மழை பெறும் எல்லையை ஒட்டியது.

1872ஆம் ஆண்டுச் சட்டம், கடன்முறையிற் காணி வாங்குதலை அக்கோட்டிற்குத் தெற்கே மட்டுப்படுத்தியது. பின்னர் மழை நன்கு பொழிந்தது. “ஏர் செல்லுமிடத்து மழையும் செல்லும்” என்ற நம்பிக்கை பரவிற்று. குடியேறுவோரின் வற்புறுத்தலால் 1874இல் அத்தடை அகற்றப்பட்டது. கோட்டிற்கு வடக்கே, பிளின்டர்ஸ் மலைப்புறத்தில் அமைந்த நியூகாசில் கவுண்டியிற் கோதுமை வயல்கள் அளந்து விற்கப்பட்டன. 1878இல் குவோண் நகரம் அளக்கப்பட்டது. மறு ஆண்டே போட் ஒகஸ்ராவிலிருந்து புகையிரதமும் வந்தது.

1880இல் மழை பொய்த்தது. தொடர்ந்த ஆண்டுகளும் அவ்வாறே கழிந்தன. கடன்பட்ட உழவர் பலர் வீடும் வயலும் துறந்து அகன்றனர். வயல்கள் மீண்டும் ஆட்டு மேய்ச்சலுக்காயின. கூரையிழந்த கற்சுவர்கள் இன்றும் அங்கு நிற்கின்றன.

உழவரின் இழப்பினும் பழைய இழப்பொன்றும் உண்டு. அம்மலைகளின் ஆதிக்குடிகளான அட்ஞமத்தனா முதலியோர் நீருள்ள இடங்களைத் தலைமுறை தலைமுறையாக அறிந்திருந்தனர். அன்னாரின் உரிமைக்கு அப்பதிவேட்டில் இடமிருக்கவில்லை.

பதிவேடு ஒருவர்க்குரிய எல்லையைக் காக்கும். அந்நிலத்தின் இயல்பை மாற்றாது. உப்புப்புதர் உணர்த்திய உண்மையை அரசு ஒன்பது ஆண்டுகளுக்குள் மறந்தது. அதன் விலையைச் செலுத்தினோர் உழவரே.