வெறுங்காலும் உலகக் கிண்ணமும்: சைலன் மன்னாவின் ஆட்ட வாழ்வு

1950ஆம் ஆண்டு பிரேசிலில் நடைபெற்ற உலகக் கிண்ண உதைபந்தாட்டத்திற்கு இந்திய அணி செல்லாமைக்குக் காரணம் யாது? வெறுங்காலுடன் ஆடுதல் தடுக்கப்பட்டமையே என்பது இன்றும் பலர் கூறும் விடை. அக்காலத்து அணியின் பின்காப்பாளர் சைலன் மன்னாவின் வரலாற்றை நோக்குவார்க்கு இவ்விடை ஐயத்திற்குரியதாகும்.

1924இல் ஹௌராவிற் பிறந்த மன்னா, 1942 முதல் 1960 வரை கல்கத்தாவின் மோகன் பகான் கழகத்துக்கே ஆடினார். 1948இல் இலண்டன் ஒலிம்பிக்கிற் பிரான்சை எதிர்த்த இந்தியருட் பெரும்பாலோர் வெறுங்காலினர். அன்று கிடைத்த இரு தண்ட உதைகளும் வீணாயின. ஒன்று மன்னா உதைத்தது. வலிய உதைக்குப் பெயர்பெற்றவர் அவர் என்பதால் இது வியப்பே. ஆட்டம் 2–1 எனக் கைநழுவிற்று. 1951இல் தில்லியில், அவர் தலைமையில், ஈரானை 1–0 என வென்று இந்தியா முதலாவது ஆசிய விளையாட்டு விழாவின் தங்கப் பதக்கத்தைப் பெற்றது.

1952இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் யூகோசிலாவியாவிடம் 10–1 எனத் தோற்றபோதும் இந்தியர் பலர் பாதணியின்றியே ஆடினர். அதன் பின்னரே இந்தியச் சங்கம் பாதணியைக் கட்டாயமாக்கியது. 1950இல் வெறுங்கால் மட்டுமே தடையாயிருந்ததெனின், ஈராண்டு கழித்து அது எவ்வாறு பொருந்திற்று? பயணச் செலவின் பெரும்பகுதியை ஏற்கப் பிரேசில் முன்வந்தது. சங்கமோ பயிற்சிக்குக் காலமின்மையையும் அணித் தெரிவிலுள்ள இடர்களையும் காட்டி விலகியது. 2012இற் காலமான மன்னா, உலகக் கிண்ணத்தைப் பற்றித் தாம் அந்நாளில் அதிகம் அறிந்திருக்கவில்லை என்றும், ஒலிம்பிக்கே தமக்கு அனைத்துமாயிருந்தது என்றும் முதுமையிற் கூறினார்.