மித்ரில்: ஒரு சுரங்கத்தின் சரித்திரம்

ஆபீஸ்ல எங்க டெஸ்ட் சர்வருக்கு 'மித்ரில்'னு பேரு. புதுசா டீம்ல சேர்ந்த பொண்ணு, "அது என்னண்ணா, ஏதாவது மாத்திரை பேரா?"ன்னு கேட்டாங்க. :-) டீ குடிக்கிற அஞ்சு நிமிஷத்துல சொல்லி முடிக்கிற கதையா அது? அதான் இந்தப் பதிவு. (டோல்கீனைப் படிக்காதவங்களுக்கு ஒரு எச்சரிக்கை: கதையோட முடிவு வரைக்கும் இதுல வந்துடும்.)

மித்ரில்ங்கறது டோல்கீனோட 'மத்திய பூமி'யில கிடைக்கிற ஒரு உலோகம். வெள்ளி மாதிரி மின்னும், ஆனா கறுக்காது. செம்பு மாதிரி தட்டி வளைக்கலாம், கண்ணாடி மாதிரி பளபளப்பாக்கலாம். எடையோ ரொம்பக் கம்மி, உறுதியோ எஃகை விட ஜாஸ்தி. வேடிக்கை என்னன்னா, 1937ல வந்த 'ஹாபிட்' முதல் பதிப்புல இந்தப் பேரே கிடையாது. வெள்ளி பூசின எஃகுச் சட்டைன்னுதான் இருந்துச்சு. 1954-55ல வந்த 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்'லதான் மித்ரில்னு பேரு வந்துச்சு. அப்புறம் 1966 பதிப்புல மனுஷன் பின்னோக்கிப் போய் 'ஹாபிட்'டையும் திருத்திட்டார். பழைய கோடை புது வெர்ஷனுக்கு ஏத்த மாதிரி மாத்தற வேலை!

சரி, சரித்திரத்துக்கு வருவோம்.

மிஸ்டி மலைகளுக்கு அடியில டுவார்ஃப்கள்ங்கற குள்ளர் இனம் கட்டின மாநகரம் கஸாத்-தூம். அங்கதான் மித்ரில் கிடைச்சுது. அந்தச் செய்தி கேட்டு இரண்டாம் யுகம் 750 வாக்குல எல்ஃப்கள் பக்கத்துலயே எரெகியோன்னு ஒரு நாட்டை உண்டாக்கிக் குடியேறினாங்க. பொதுவா ரெண்டு இனத்துக்கும் ஆகாது. ஆனா இங்க மட்டும் தாயா புள்ளையா பழகினாங்க. மேற்கு வாசல் கதவை டுவார்ஃப் நார்வி செஞ்சார், அதுல எல்ஃப் கெலெப்ரிம்போர் எழுத்து வரைஞ்சார். மித்ரில்லேர்ந்து எடுத்த இதில்தின்ல வரைஞ்சதால நிலா வெளிச்சத்துலயும் நட்சத்திர வெளிச்சத்துலயும் மட்டும்தான் தெரியும். கலாத்ரியேல் கையில இருந்த நென்யா மோதிரமும் மித்ரில்தான். அந்த எரெகியோன் 1697ல சௌரோன் படையால அழிஞ்சுது. கஸாத்-தூம் கதவைச் சாத்திக்கிட்டு தப்பிச்சுது.

அப்புறம்தான் எல்லாருக்கும் தெரிஞ்ச கட்டம். மூன்றாம் யுகம் 1980ல தோண்டிக்கிட்டே போனவங்க, முதல் யுகத்தோட கடைசியிலேர்ந்து பாதாளத்துல பதுங்கிக் கிடந்த பால்ராக்ங்கற நெருப்பு அரக்கனை எழுப்பி விட்டுட்டாங்க. அரசர் ஆறாம் துரின் செத்தார். அடுத்த வருஷமே அவர் மகன் நைனும் செத்தார். மிச்சம் இருந்தவங்க ஊரை விட்டே ஓடினாங்க. கஸாத்-தூம் பேரு 'மோரியா' ஆச்சு. இருட்டுப் பள்ளம்னு அர்த்தம்.

'பேராசை பெருநஷ்டம்'னு ஒரு வரியில முடிச்சுடலாம். கேண்டால்ஃபே கிட்டத்தட்ட அப்படித்தான் சொல்றார். ஆனா அவர் சொல்ற இன்னொரு விஷயத்தையும் கவனிக்கணும். தங்கமோ இரும்போ அவங்களுக்குப் பெரிய விஷயமே இல்லை, வேணும்கறதை எல்லாம் வியாபாரத்துலயே வாங்கிக்கலாம். ஏன்னா உலகம் பூரா தேடி வந்த ஒரே சரக்கு அவங்ககிட்ட இருந்துச்சு. அந்தத் தாது போன திசையோ வடக்கே, கீழே, இன்னும் கீழே. மொத்த ஊரோட சோறும் அந்த ஒரு வழியிலதான். எங்க பாஷையில சொன்னா சிங்கிள் பாயின்ட் ஆஃப் ஃபெயிலியர்.

நான் முதல்ல வேலை பார்த்த கம்பெனியும் இப்படித்தான். முக்கால்வாசி வருமானம் ஒரே கிளையன்ட். "இது சரியா வருமா?"ன்னு நாங்க டீ கடையில பேசிக்குவோம், மேனேஜர்கிட்ட ஒருத்தரும் கேட்டதில்லை. மாசம் பொறந்தா சம்பளம் வருதே! ஒரு நாள் கிளையன்ட் போயிட்டான், ரெண்டே மாசத்துல நாங்களும் வெளியில. அதனால டுவார்ஃப்களைப் பேராசைக்காரங்கன்னு திட்ட எனக்கு வாய் வரலை. நேத்து தோண்டின இடத்துக்கு ஒரு அடி கீழே இன்னிக்கும் தோண்டினாங்க. அவ்வளவுதான்.

அதே மித்ரில்ல செஞ்ச ஒரு சின்னச் சட்டை கதையையும் பாருங்க. 2941ல தோரின் அதை பில்போவுக்குக் கொடுத்தார். பில்போ ஊருக்கு எடுத்துட்டு வந்து மியூசியத்துக்குக் கொடுத்துட்டார்! வேண்டாத பரிசுப் பொருளை எல்லாம் போட்டு வைக்கிற இடம் அது. மொத்த ஷையரையும் வித்தாலும் ஈடாகாத சட்டை தூசி படிஞ்சு தொங்குது, சீந்துவார் இல்லை. பின்னாடி அதைத் திரும்ப வாங்கி மருமகப் பிள்ளை முறையில இருந்த ஃப்ரோடோவுக்குக் கொடுத்தார். அதோட விலை என்னன்னு ஃப்ரோடோவுக்குத் தெரிய வந்ததே மோரியா இருட்டுக்குள்ளதான். அடுத்த நாளே ஆர்க் தலைவனோட ஈட்டியிலேர்ந்து அவர் உயிரைக் காப்பாத்தினதும் அதே சட்டை.

அப்புறம் கிரித் உங்கோல் கோபுரத்துல ஃப்ரோடோ மாட்டினப்போ, ஆர்க்குகள் இந்தச் சட்டைக்காக அடிச்சுக்கிட்டு ஒருத்தரை ஒருத்தர் வெட்டிச் சாய்ச்சாங்க. சாம் உள்ளே போய் ஃப்ரோடோவை மீட்க முடிஞ்சதே அதனாலதான். கடைசியில ஷையர்ல சாருமான் குத்தின கத்தி உடைஞ்சதும் இதே சட்டையிலதான்.

விலை தெரிஞ்சவங்க அதுக்காகச் செத்தாங்க. அதை விக்கவே நினைக்காதவர் கையில இருந்தப்போ, அது செய்யப்பட்ட வேலையைச் செஞ்சுது, போட்டிருந்தவர் உயிரைக் காப்பாத்துச்சு. போர் முடிஞ்சதும் கிம்லியோட ஆட்கள் மினாஸ் திரித் நகரத்துக்கு உடைஞ்சு போன வாசல் கதவை மித்ரில்லயும் எஃகுலயும் புதுசா செஞ்சு கொடுத்தாங்க. மித்ரில்லுக்கு அதை விட மரியாதையான இடம் இருக்க முடியாதுன்னு தோணுது.

டெஸ்ட் சர்வருக்கு இனிமே பேக்கப் ஒண்ணு வச்சுக்கணும். ஒண்ணை மட்டும் நம்பினா என்ன ஆகும்னு இவ்வளவு எழுதிட்டு, அதையே செஞ்சுட்டு இருந்தா நல்லா இருக்காது இல்லையா? :-)